வலமிருந்து இடமாக ஓடிய காவேரி

காவேரியை நான் முதன்முதலாக நேரில் பார்த்தது வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகுதான். ஸ்ரீரங்கத்தில் அம்மா மண்டபத்துப் படித்துறையில் தெற்கே பார்த்து நின்றேன். ஆறு என் வலது கைப் பக்கமிருந்து வந்து இடது கைப் பக்கமாகப் போய்க்கொண்டிருந்தது. எனக்குக் கண் கலங்கிவிட்டது. பக்கத்தில் வேட்டியைப் பிழிந்துகொண்டிருந்த ஒருவர் நான் அஸ்தி கரைக்க வந்தவன் என்று நினைத்து, "யாருக்குங்க காரியம்?" என்று இரக்கமாகக் கேட்டார். காரியம் ஒன்றுமில்லை என்றேன். பூகோளப் படம் பார்த்து வளர்ந்த எல்லோருக்கும் காவேரி இடமிருந்து வலமாகத்தான் ஓடும். என் காவேரி மட்டும் நான் வேலை பார்த்த காலம் முழுவதும் வலமிருந்து இடமாக ஓடியது. அது அப்படி ஓடுகிற கரை ஒன்று இருக்கிறது என்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

ஊர் திரும்பி இதைச் சொன்னபோது, எங்கள் அச்சகத்தில் இப்போது இருக்கிற பிள்ளைகள் சிரித்தார்கள். அவர்கள் படத்தைக் கேமராவில் பிடித்துத் தகட்டில் ஏற்றிவிடுகிறார்கள். அது நல்ல முறைதான், கழுத்து வலி கிடையாது. ஆனால் ஒருவன் ஆற்றை இடம் வலமாகத் திருப்பிப் பார்த்துக்கொண்டே எப்படி ஆயுளைக் கழித்தான் என்று அவர்களுக்கு விளங்கவில்லை. எழுதிக் கொடுங்கள் சார் என்றார்கள். எழுதுகிறேன், கொஞ்சம் சுற்றி வளைத்துத்தான் வரும். ஆற்றோடு பழகியவனுக்கு நேர்கோட்டில் போக வராது.

எங்களுடையது மயிலாப்பூரில், கச்சேரி ரோட்டை ஒட்டிய சந்தில் இருந்த கல்லச்சுக்கூடம். பள்ளிக்கூடச் சுவரில் மாட்டுகிற தேசப்படங்கள்தான் முக்கியமான வேலை. சீமையிலிருந்து கப்பலில் வந்த சுண்ணாம்புக் கல், மோர் நிறத்தில், சந்தனக்கல் போல வழவழப்பாக இருக்கும். அதன்மேல் கொழுப்பு கலந்த மையால் படத்தை எழுத வேண்டும். பிறகு கல்லை நனைத்து உருளையில் மை ஏற்றினால், எழுதிய இடம் மையைப் பிடித்துக்கொள்ளும், ஈரமான இடம் தள்ளிவிடும். காகிதத்தை வைத்து அழுத்தினால் படம் விழும். காகிதத்தில் நேராக விழ வேண்டுமானால் கல்லில் கண்ணாடியில் தெரிவது போல மாற்றி எழுத வேண்டும். அதனால்தான் எங்கள் கல்லில் மேற்கு வலப்பக்கம் இருந்தது, வங்காள விரிகுடா இடப்பக்கம் இருந்தது.

நான் வேலைக்குச் சேர்ந்தபோது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகள் பாதி தாண்டியிருந்தன. மாம்பலத்தில் ஏரியைத் தூர்த்து மனை போட்டுக்கொண்டிருந்த காலம் அது. அங்கே ஒரு அறை வாடகைக்குப் பிடித்திருந்தேன். மழை பெய்தால் தண்ணீர் பழைய ஞாபகத்தில் வாசல் வரைக்கும் வந்து நிற்கும். முதல் இரண்டு வருஷம் "அ"வைத் திருப்பிப் போட்டு எழுதியதைத் தவிர நான் சொல்லிக்கொள்ளும்படி ஒன்றும் செய்யவில்லை. படத்தில் நிறத்துக்கு ஒரு கல் உண்டு. அப்புறம் எனக்கு எழுத்துக் கல்லைக் கொடுத்தார்கள். ஊர்ப்பெயர், ரயில் பாதை, எல்லைக்கோடு எல்லாம் கறுப்பில் அதில் வரும். ஆறு, ஏரி, கடலோரம் மூன்றும் நீலக் கல்லில் வரும். நீலக் கல் சிங்காரம் மேஸ்திரியுடையது.

மேஸ்திரி ஒல்லியான மனிதர். காதில் எப்போதும் ஒரு நிப்புக் கட்டை செருகியிருக்கும். அவர் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை, ஆனால் அவருடைய சட்டங்கள் பீனல் கோடைவிடக் கடுமையானவை. முதல் சட்டம், ஆற்றை மலையிலிருந்துதான் எழுத ஆரம்பிக்க வேண்டும். அவசரத்துக்குக்கூட கடலிலிருந்து ஏறி வரக்கூடாது. இரண்டாவது, ஒரு சங்கமத்துக்கும் அடுத்த சங்கமத்துக்கும் நடுவில் யாரும் வாயைத் திறக்கக்கூடாது. குடகில் புறப்பட்டால் ஹேமாவதி வந்து சேர்கிற வரைக்கும் அறையில் மூச்சுச் சத்தம்தான் கேட்கும். ஹேமாவதி வந்தால் பேசலாம். கபினியில் வெற்றிலை போடலாம். பவானியில் காபி வரும். கபினிக்கும் பவானிக்கும் நடுவில் இருக்கிற நீளமான காட்டு வழியில், பேச முடியாமல், பல நாள் நான் உட்கார்ந்தபடியே கனவு கண்டிருக்கிறேன். சிவசமுத்திரத்தில் தண்ணீர் விழுகிற சத்தம் காதில் கேட்கும். அது பின்கட்டில் குழாய் ஒழுகுகிற சத்தமாக இருக்கும்.

எங்களுக்குப் பொழுதும் அப்படியே ஆகிவிட்டது. "சாரதி சாப்பிட்டானா?" என்று யாராவது கேட்டால், "அமராவதி சேரட்டும், சாப்பிடுவான்" என்று பதில் வரும். சாரதி என்பது நான்தான்.

மூன்றாவது சட்டம் நிப்பைப் பற்றியது. தலைக்காவேரியில் ஆறு மயிரிழை மாதிரி பிறக்கும். அதற்கென்று மேஸ்திரி ஒரு நிப்பைக் கல்லில் தேய்த்து ஊசியாக்கி வைத்திருப்பார். முதல் துணையாறு வந்ததும் அந்த நிப்பைக் கழுவி, துணியில் சுற்றி, எடுத்து வைத்துவிடுவார். பிறகு ஆறு பருக்கப் பருக்க நிப்பு மாறும். திருச்சிக்கு மேற்கே ஆறு ஒரு கட்டை விரல் அகலத்துக்கு வந்துவிடும். முக்கொம்பில் கொள்ளிடம் பிரியும். கல்லணை தாண்டினால் வெண்ணாறு, குடமுருட்டி, அரசலாறு என்று எல்லாம் பிரிந்து பிரிந்து வயலுக்குப் போய்விடும். கடைசியில் பூம்புகாரில் கடலைத் தொடுகிற காவேரி ஒரு வாய்க்கால் அளவுக்குத்தான் இருக்கும். அந்த இடத்துக்கு மேஸ்திரி துணியைப் பிரித்து, குடகில் எடுத்த அதே நிப்பை மறுபடி எடுப்பார்.

"பொறந்தப்போ எப்டி இருந்துச்சோ அப்டியே போய் சேருது பாரு நைனா. நடுவுல அவ்ளோ தண்ணி. எல்லாத்தையும் குடுத்துட்டு வெறுங்கையா போவுது" என்று ஒரு தடவை சொன்னார். அவரும் காவேரியைக் கண்ணால் பார்த்தவரில்லை. அடையாற்றுப் பாலத்துக்கு வடக்கே, முகத்துவாரத்துக்கு நடக்கிற தூரத்தில் அவர் வீடு. அவருக்குத் தெரிந்த ஆறெல்லாம் அடையாறு ஒன்றுதான்.

முதலாளியைப் பற்றிச் சொல்ல வேண்டும். வைத்தியநாதன் என்று பெயர், வடக்கு மாடவீதியில் வீடு. பேசாமல் இருக்க அவரால் முடியாது. சங்கமச் சட்டத்துக்கு அவர் மட்டும் விதிவிலக்கு, முதலாளியாயிற்றே. இன்னொன்று, மனிதர்களை அவர் தொடமாட்டார். சம்பளத்தைக்கூட மேசைமேல் வைத்து விரலால் நம் பக்கம் நகர்த்துவார். அந்தக் காலத்தில் அது யாருக்கும் விசித்திரமாகப் படவில்லை, எனக்கு மட்டும் ஒவ்வொரு மாதமும் சுருக்கென்று இருக்கும். ஆனால் கல்லைக் கண்டால் தொடாமல் இருக்கமாட்டார்.

அதனால் ஒரு கூத்து நடந்தது. கல்லில் விரல் பட்டால் விரலின் எண்ணெய்ப் பசையும் மையைப் பிடித்துக்கொள்ளும். ஒருநாள் முதலாளி பஜ்ஜி தின்றுகொண்டே உள்ளே வந்து, "பேஷ், பேஷ்" என்று நீலக் கல்லில் கட்டை விரலை ஊன்றிவிட்டுப் போனார். யாரும் கவனிக்கவில்லை. படம் அச்சாகி, பள்ளிக்கூடங்களுக்கெல்லாம் போய்விட்டது. கொஞ்ச நாளில் ஒரு வாத்தியார் நேரில் வந்தார். சேலத்துக்கு மேற்கே காவேரியை ஒட்டி நீலமாக ஒரு ஏரி இருக்கிறதே, அதன் பெயர் என்ன என்று பிள்ளைகள் கேட்கிறார்கள் என்றார். முதலாளி படத்தைப் பார்த்தார். ஏரியில் ரேகை ஓடுவது அவருக்கும் தெரிந்தது. "மழைக்காலத்துல மட்டும் தேங்கும்" என்று சொல்லி அனுப்பிவிட்டார்.

சில வருஷம் கழித்து, முப்பதுகளில், அதே சுற்றுவட்டாரத்தில் மேட்டூர் அணை வந்து ஏரியும் நிரம்பியபோது எங்கள் கூடத்தில் கேலி தாங்க முடியவில்லை. "கவர்மெண்டு கட்டினது அணை. ஏரி நம்ம முதலாளி பஜ்ஜியில ஆரம்பிச்சது" என்று மேஸ்திரியே சொன்னார். அவர் கேலி பேசி நான் கேட்ட சில தடவைகளில் அதுவும் ஒன்று. எனக்கோ, நான் குடியிருக்கிற இடத்தில் ஒரு ஏரி போய் அங்கே ஒரு ஏரி வந்தது ஏதோ கணக்குச் சரிசெய்தது போலத் தோன்றும்.

ஆனால் அணை வந்ததால் எங்கள் பழைய நீலக் கல் பயனில்லாமல் போயிற்று. ஆறு மாறிவிட்டது. குடகிலிருந்து கடல் வரைக்கும் புதிய காவேரிப் படம் வேண்டும் என்று பள்ளிக்கூடங்களிலிருந்து பெரிய ஆர்டர் வந்தது. அடுத்த கோடை விடுமுறை முடிவதற்குள் கொடுத்தாக வேண்டும். அந்தச் சமயத்தில்தான் மேஸ்திரிக்கு வலப்பக்கம் வாதம் அடித்தது.

உயிருக்கு ஆபத்தில்லை. பேச்சும் இரண்டு மாதத்தில் திரும்பிவிட்டது. கால் கொஞ்சம் இழுத்தது. வலது கை தோளிலிருந்து அசைந்தது, ஆனால் விரல்கள் மடங்கவில்லை. ஒரு வெற்றிலையைக்கூட அந்த விரல்களால் பிடிக்க முடியவில்லை. பேனா பிடிப்பது பற்றிப் பேச்சே இல்லை.

முதலாளி என்னைக் கூப்பிட்டார். "சிங்காரம் ரெஸ்ட் எடுத்துக்கட்டும். பாவம், எத்தனை நாள் உழைச்சாச்சு. நீலக் கல்லை நீ எடுத்துக்கோ. ஒன்னால முடியலேன்னா பம்பாய்லேர்ந்து ஆளைக் கூட்டிண்டு வந்துடறேன்" என்றார். ரெஸ்ட் என்றால் என்ன என்று இருவருக்கும் தெரியும். எங்கள் கூடத்தில் ரெஸ்ட் எடுத்தவர் யாரும் திரும்பி வந்ததில்லை.

ஞாயிற்றுக்கிழமை மேஸ்திரி வீட்டுக்குப் போனேன். எப்படிச் சொல்வது என்று வழியெல்லாம் யோசித்தும் ஒன்றும் தோன்றவில்லை. அவர் சம்சாரம் கன்னியம்மா வாசலில் நின்றாள்.

"காலைல எந்திரிச்சா கடல் பக்கமே போய்க்கினுகீறாரு தம்பி. மண்ணுல குந்திக்கினு இன்னாவோ கிறுக்கினுகீறாரு. சோத்துக்குக் கூப்ட்டா, இரு, இன்னும் பவானி வர்லன்றாரு. எனுக்கு பயமாகீது. நீ போய் இன்னான்னு கேளு."

அடையாறு கடலில் சேருகிற இடத்தில் தண்ணீர் அன்றைக்கு அவசரமில்லாமல் இருந்தது. மணல்மேடு பாதி வாயை மூடியிருந்தது. வெயில் ஏறாத நேரம், ஆறு எங்கே முடிகிறது கடல் எங்கே ஆரம்பிக்கிறது என்று தெரியாதபடி எல்லாம் ஒரே வெள்ளிப் பூச்சாகக் கிடந்தது. மேஸ்திரி ஈர மணலில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். இடது கையில் ஒரு குச்சி இருந்தது. வலது கை வெறுமையாக, விரல் விரிந்தபடி, மணலுக்கு ஒரு சாண் மேலே மிதந்துகொண்டிருந்தது.

இரண்டு கைகளும் நெஞ்சுக்கு நேரே சேர்ந்திருந்தன. மெதுவாகப் பிரிய ஆரம்பித்தன. வலது கை வலப்பக்கமாகக் காற்றில் வளைந்து நெளிந்து போயிற்று. அதே வளைவுகளை இடது கை இடப்பக்கமாக மணலில் கீறிக்கொண்டு போயிற்று. நான் கிட்டே போய்ப் பார்த்தேன். மணலில் இருந்தது காவேரி. கல்லில் எழுதுகிற காவேரி, வலமிருந்து இடமாக ஓடுகிற எங்கள் காவேரி, ஒரு வளைவு தப்பாமல் இருந்தது.

"இன்னா நைனா பாக்குற? இந்தக் கைக்கு ஒண்ணும் தெரியாது. தனியா வுட்டா கோழி கிறுக்குது" என்று இடது கையைக் காட்டினார். "வலது கைக்கு வழி தெரியும், புடிக்கத்தான் முடியல. அது காத்துல நேர் ஆறு போவட்டும்னு வுட்டேன். இது கூடவே திருப்பிக்கினு போவுது. நமக்கு வேண்டியது திருப்பிப் போட்டதுதானே?"

நான் உட்கார்ந்துவிட்டேன். வேறு எந்தத் தொழிலாக இருந்தாலும் அந்த இடது கையால் உபயோகமில்லை. கணக்கு எழுதுகிறவருக்கோ கடிதம் எழுதுகிறவருக்கோ அது திருப்பி எழுதியிருந்தால் தலையில் அடித்துக்கொண்டிருப்பார்கள். எங்கள் தொழிலில் மட்டும்தான் அது சரியான கை.

"முதலாளி உன்னைய செய்யச் சொல்ட்டாரா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். அவர் கடலைப் பார்த்தார். "நீ நல்லா செய்வே. அதுல எனுக்கு சந்தேகம் இல்ல. ஆனா ஆறு போயிட்சின்னா எனுக்கு இன்னா கீது, சொல்லு."

மறுநாள் முதலாளியிடம், மேஸ்திரியே இடது கையால் கல்லில் எழுதட்டும் என்று சொன்னேன். அவர் முதலில் சிரித்தார், பிறகு கோபப்பட்டார். கல் பாழானால் வேறு கல் தேய்த்து எடுக்க நேரமில்லை, ஆர்டர் கைவிட்டுப் போகும் என்றார். அது உண்மைதான், அவரைக் குறை சொல்ல முடியாது. கடைசியில், "கோடு தடுமாறித்துன்னா அன்னியோட சரி. அப்புறம் சிங்காரம் இந்தப் பக்கம் வரப்படாது. சம்மதமான்னு கேட்டுண்டு வா" என்றார். மேஸ்திரி அரைக் கணம்கூட யோசிக்கவில்லை.

நான் அச்சில் விழாத செங்காவியில் படத்தின் தடத்தைக் கல்லில் ஏற்றிக் கொடுத்தேன். கல்லை அவருக்கு இடப்பக்கமும், நேரான மூலப்படத்தை வலப்பக்கமும் வைத்தோம். கல்லின் குறுக்கே மரப்பலகையைப் பாலம் போட்டு இடது முழங்கையை அதன்மேல் ஊன்றிக்கொண்டார். வலது கை மூலப்படத்துக்கு மேலே, அதைத் தொடாமல் மிதக்க வேண்டும். படத்தில் உட்கார்ந்துவிட்டால் இடது கை அப்படியே நின்றுவிடும். காலையில் கொஞ்சம், மாலையில் கொஞ்சம் என்று பல நாள் ஆயிற்று. குடகில் அந்த ஊசி நிப்பை எடுத்தார். ஹேமாவதியில் அதைக் கழுவித் துணியில் சுற்ற முடியாமல் என்னிடம் நீட்டினார். நான் சுற்றி வைத்தேன். மேட்டூர் ஏரியை எழுதும்போது எனக்குப் பஜ்ஜி ஞாபகம் வந்து சிரிப்பை அடக்க முடியவில்லை. பவானி இன்னும் வரவில்லை என்பதால் அவர் முறைத்தார்.

முக்கொம்பு வரைக்கும் ஒரு குறையும் இல்லை. மிச்சம் இருந்தது டெல்டா. அதை எழுதுகிற நாளில் முதலாளி வந்து நின்றார், மேஸ்திரிக்கு வலப்பக்கம், மூலப்படத்தின் அருகே. நான் இடப்பக்கம் மையும் நிப்பும் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

"முதலாளி, ஒண்ணு கேட்டுக்கறேன்" என்றார் மேஸ்திரி. "இனிமே சங்கமம் கெடையாது. எல்லாம் பிரியறதுதான். அதனால கடல் வர்ற வரைக்கும் யாரும் பேசக் கூடாதுங்க. நீங்களும்."

முதலாளி ஏதோ சொல்ல வாயெடுத்து, சரியென்று தலையை ஆட்டினார்.

கொள்ளிடம் போயிற்று. மேஸ்திரி மறுபடி மேலே வந்தார். வெண்ணாறு தெற்கே இறங்கியது. குடமுருட்டி, அரசலாறு. ஒவ்வொன்றுக்கும் கைகள் சேர்ந்து, பிரிந்து, கடல் வரைக்கும் விரிந்து, திரும்பி வந்து சேர்ந்தன. வெளியே சந்தில் ஜட்கா வண்டி போகிற மணிச்சத்தம் கேட்டது. எனக்கு அந்த அறை நீரால் நிரம்பிக்கொண்டு வருகிற மாதிரி இருந்தது. கடைசியாக மிஞ்சியது காவேரி. நான் துணியைப் பிரித்து ஊசி நிப்பைக் கொடுத்தேன்.

கும்பகோணம் தாண்டியதும் அவருடைய வலது கை தாழ ஆரம்பித்தது. தோளில் நரம்பு துடிப்பது தெரிந்தது. கை கொஞ்சம் ஏறியது, மறுபடி தாழ்ந்தது. கல்லின்மேல் இடது கையும் தயங்கியது. நிப்பு நின்ற இடத்தில் மை தேங்கினால் அங்கே ஒரு ஏரி விழும். அதைச் சுரண்டி எடுக்கலாம், ஆனால் முதலாளி சொன்ன சொல் சொன்னதுதான். நான் இந்தப் பக்கம் இருந்தேன். நடுவில் கல், பலகை, மேஸ்திரி. என் கை எட்டாது. பேசவும் கூடாது. மேஸ்திரி தலையைத் திருப்பவில்லை. வலது கை மட்டும் படத்தை நோக்கி இறங்கிக்கொண்டே வந்தது.

முதலாளி என்னைப் பார்த்தார். அந்தக் கையைப் பார்த்தார். மேல்துண்டை இடுக்கிக்கொண்டு குனிந்து, இரண்டு உள்ளங்கைகளையும் அந்தக் கைக்குக் கீழே கொடுத்து, தூக்கிப் பிடித்தார்.

இடது கை நகர்ந்தது.

மேஸ்திரியின் கை போன வழியெல்லாம் முதலாளியும் நகர்ந்தார். அவர் கை மேஸ்திரியை நடத்தவில்லை, கூடவே போயிற்று. மாயவரத்தில் ஆறு சற்று வளைந்தபோது முதலாளியும் வளைந்தார். அவருக்கு வியர்த்துக் கொட்டியது, துடைத்துக்கொள்ளக் கை இல்லை. எப்போதும் ஓயாத அந்த வாய் இறுக மூடியிருந்தது. மேஸ்திரியின் இரண்டு கைகளும் இப்போது முழுசாக விரிந்துவிட்டன. இடது கையின் நுனியில் கல்லில் ஒரு மயிரிழை ஓடி, கடலோரக் கோட்டைத் தொட்டது.

மேஸ்திரி நிப்பைக் கல்லிலிருந்து தூக்கினார். பெருமூச்சு விட்டார்.

"கடல் வந்துட்சி முதலாளி" என்றார். "கைய வுடுங்க."

முதலாளி விடவில்லை.